கிராஷ் ஆகிற பக் நல்ல பக்

சிப் டிசைன் மென்பொருளில் புது வெர்ஷன் வந்தால் கூடவே ஒரு ரிலீஸ் நோட்டும் வரும். முழுசா படிக்கிறவங்க குறைவு. நான் படிப்பேன். படிக்கும்போதெல்லாம் ஒரே விஷயம் உறுத்தும்: எல்லா பக்கையும் ஒரே வரிசையில் நிறுத்திவிடுகிறார்கள்.

சிந்தசிஸ் டூலையே எடுத்துக்கங்க. வெரிலாக்கில் எழுதியதை கேட்டுகளும் ஃபிளிப்-ஃபிளாப்புகளும் கொண்ட நெட்லிஸ்டாக மாற்றுவது அதன் வேலை. இதில் பக் மூணு விதமா வரலாம். சரியான கோடை ஏற்க மறுக்கலாம். பாதியில் கிராஷ் ஆகலாம். இல்லேன்னா, ஒரு வார்னிங்கும் தராமல் ஓடி முடித்து, நாம் எழுதாத வேறொரு சர்க்யூட்டைக் கையில் கொடுக்கலாம். முதல் இரண்டும் எரிச்சல்தான், ஆனா அங்கேயே நம்மை நிறுத்திவிடும். மூணாவதுதான் ஆபத்து.

இது வெறும் பயம் இல்லை. லண்டன் இம்பீரியல் கல்லூரியின் யான் ஹெர்க்லாட்ஸ், ஜான் விக்கர்சன் இருவரும் 2020-ல் வெரிஸ்மித் என்ற கருவியைப் பற்றி ஆய்வுக்கட்டுரை வெளியிட்டார்கள். அது ரேண்டமாக, ஆனால் சரியான வெரிலாக் எழுதும். டூல் தரும் நெட்லிஸ்ட் மூலத்துக்குச் சமம்தானா என்று பார்க்கும். யோசிஸ், விவாடோ, எக்ஸ்எஸ்டி, குவார்ட்டஸ் என்ற நாலில் குவார்ட்டஸ் தவிர மற்ற மூணிலும் நெட்லிஸ்ட் மூலத்தோடு பொருந்தாமல் போன இடங்கள் இருந்தன. மொத்தம் 11 பக் ரிப்போர்ட் பண்ணினார்கள். கட்டுரை வரும்போது 6 சரியாகியிருந்தது.

இப்படி ஒரு திருத்தத்தை எப்படி அறிவிக்கணும்? எந்த வெர்ஷனில் நுழைந்தது, எப்படிக் கோடு எழுதினால் வரும், பழைய டிசைனைத் திரும்ப ஓட்டணுமா: இந்த மூணும் வேணும். நடப்பது என்ன? வேகம் கூடிய கதை மேலே, புது வசதிகள் நடுவில். கடைசியில் "சில சூழல்களில் தவறான முடிவு வந்தது சரிசெய்யப்பட்டது" என்கிற தோரணையில் ஒரு வரி. எந்தச் சில சூழல்?

வாடிக்கையாளர் டிசைன் ரகசியம், விவரம் சொல்ல முடியாது என்பார்கள். நியாயம்தான். ஆனா பக்கைக் காட்ட முழு டிசைன் எதுக்கு? வெரிஸ்மித்திலேயே பெரிய கோடைச் சுருக்கி, பக் வருகிற சிறு துண்டை மட்டும் எடுத்துத் தரும் பகுதி இருக்கு. அந்தத் துண்டு போதும். யோசிஸ் மாதிரி ஓப்பன் சோர்ஸ் டூலில் திருத்தத்தை நாமே தோண்டிப் பார்க்கலாம், அது பெரிய வசதி. ஆனா தோண்ட முடிவதும் அவர்களே சொல்வதும் ஒன்றல்ல.

எஃப்பிஜிஏ என்றால் திருத்தி மறுபடி லோடு பண்ணிக்கலாம். ஃபேபில் அச்சான சிப்பை அப்படிப் பண்ண முடியாது. 1994-ல் பென்டியம் வகுத்தல் பிழைக்காக இன்டெல் ஒதுக்கியது 47.5 கோடி டாலர். அந்தப் பிழைக்கு டூல் காரணமில்லை. சிலிக்கானில் ஏறிய தப்பின் விலை அது.

பாதி ப்ராஜெக்டில் யாரும் டூல் வெர்ஷனை மாத்துறதில்லை. அதனால் ரிலீஸ் நோட்டை அவசியம் படிக்க வேண்டியவர் அப்டேட் பண்ணப் போகிறவர் இல்லை, பண்ணாமல் பழசிலேயே இருப்பவர். வேகம் எவ்வளவு கூடியிருக்குன்னு அவருக்கு அப்புறம் சொல்லலாம். நேத்து கொடுத்த நெட்லிஸ்டை நம்பலாமா, அதை முதல்ல சொல்லுங்க.