முதல் சுற்றிலிருந்து: டென்னிஸ் தொடர்களின் மரபும் அளவுகோலும்

1877-இல் லண்டன் அருகே விம்பிள்டனில் 22 பேர் பெயர் கொடுத்த முதல் போட்டியில் ஸ்பென்சர் கோர் பட்டம் வென்றார். மறு ஆண்டு அவர் ஒரே ஓர் ஆட்டம் ஆடினால் போதும் என்று விதி வந்தது. மற்றவர்கள் சுற்றுச் சுற்றாக மோத வேண்டும். கடைசியில் மிஞ்சுபவர் மட்டும், காத்திருக்கும் சாம்பியனைச் சந்திப்பார். இதற்குச் 'சவால் சுற்று' என்று பெயர்.

1878-இல் அப்படிச் சவாலுக்கு வந்தவர் ஃபிராங்க் ஹேடோ. இலங்கையில் தோட்டத்துரையாக இருந்த அவர் விடுமுறையில் ஊருக்கு வந்திருந்தார். வலையை ஒட்டி நின்று ஆடிய கோரின் தலைக்கு மேலாகப் பந்தைத் தூக்கி அடித்தே நேர் செட்களில் வென்றார். மறு ஆண்டு பட்டத்தைக் காக்க அவர் வரவில்லை.

சாம்பியனுக்குக் காத்திருக்கும் உரிமை உண்டா, அல்லது அவரும் எல்லோரையும் போல முதல் சுற்றிலிருந்து வர வேண்டுமா? டென்னிஸ் தொடர்களின் வரலாறு முழுவதையும் இந்த ஒரு கேள்வியை வைத்தே படித்துவிடலாம் என்பது என் எண்ணம்.

வில்லியம் ரென்ஷா 1881 முதல் 1886 வரை தொடர்ந்து ஆறு முறை விம்பிள்டன் வென்றார். அவற்றில் பின்னைய ஐந்து பட்டங்களுக்கு ஆண்டுக்கு ஓர் ஆட்டம்தான் ஆடினார். 1976 முதல் 1980 வரை பியோன் போர்க் வென்ற ஐந்து பட்டங்களுக்கோ, ஆண்டுக்கு ஏழு வீதம் 35 ஆட்டங்கள். ரென்ஷாவின் திறமையைக் குறைத்துச் சொல்லவில்லை. அளவுகோல் மாறிவிட்டது என்கிறேன். அதை மாற்றிய ஆண்டு 1922. விம்பிள்டன் சவால் சுற்றைக் கைவிட்ட பிறகு நடப்புச் சாம்பியனும் முதல் நாள் வரிசைக்கு வந்தார்.

நாடுகளின் அணிகள் மோதும் டேவிஸ் கோப்பையில் சவால் சுற்று 1971 வரை நீடித்தது. அதன் பாரத்தை நம்மவர்களும் சுமந்தார்கள். 1966-இல் கல்கத்தாவில் பிரேசிலுக்கு எதிரான கடைசி ஆட்டத்தில், தோல்வியின் விளிம்பிலிருந்து மீண்டு வந்து தாமஸ் கோக்கை வென்றார் ராமநாதன் கிருஷ்ணன். சுற்றுச் சுற்றாகப் போராடி மெல்பர்ன் சென்ற இந்திய அணிக்காகக் காத்திருந்தது ஆஸ்திரேலியா. நாம் 4-1 என்று தோற்றோம். அந்த ஒரு வெற்றி, நியூகோம்ப்–ரோச் இணையை இரட்டையரில் வீழ்த்திய கிருஷ்ணன்–முகர்ஜி ஜோடி பெற்றுத் தந்தது.

மூன்று தரைகள், மூன்று பாணிகள்

முதல் சுற்றிலிருந்து வரும் சாம்பியனைத் தரையும் சோதிக்கிறது. இசையில் பாணி குருவால் அமைகிறது. டென்னிஸில் அதைத் தரை அமைக்கிறது. புல்தரையில் பந்து தாழ்வாக வழுக்கி விரையும். வலுவான சர்வீஸும், வலையருகே ஓடி வந்து முடிக்கும் துணிவும் அங்கே பலன் தரும். பாரிசின் ரோலண்ட் காரோஸ் அரங்கம் 1928-இல் டேவிஸ் கோப்பைக்காகக் கட்டப்பட்டது. செங்கல் தூள் பரப்பிய அதன் செம்மண் தரை பந்தின் வேகத்தைக் குறைத்து உயர எழுப்பும். பொறுமையும் கால்வலிமையும் இல்லாதவர் அங்கே நிலைப்பதில்லை. கடினத் தரை இவ்விரண்டுக்கும் நடுவே நிற்கிறது.

ஒரு தரையின் மன்னர் மற்றொன்றில் மாணவராகிவிடுவார். 14 கிராண்ட் ஸ்லாம் பட்டங்கள் வென்ற பீட் சாம்ப்ராஸ் பாரிசில் ஒரு முறைகூட இறுதிப் போட்டியை எட்டவில்லை. பாரிசையும் விம்பிள்டனையும் ஒரே ஆண்டில் வெல்வதை 1978, 79, 80 என மூன்று முறை செய்துகாட்டிய போர்க், அமெரிக்க ஓபனில் நான்கு இறுதிப் போட்டிகளில் தோற்றார். அந்த அமெரிக்க ஓபனே புல், களிமண், கடினத் தரை என்று மாறிய காலத்தில், 1974, 1976, 1978 ஆண்டுகளில் மூன்றிலும் வென்றவர் ஜிம்மி கானர்ஸ்.

திறந்த கதவு

முதல் சுற்றிலிருந்து எல்லோரும் ஆட வேண்டும் என்றால், அந்த முதல் சுற்றுக்குள் நுழைய எல்லோருக்கும் வழி இருக்க வேண்டும். 1968 வரை அந்த வழி இல்லை. காசு வாங்கி ஆடும் தொழில்முறை வீரருக்குப் பெரிய தொடர்களில் இடமில்லை. ராட் லேவர் 1962-இல் நான்கு கிராண்ட் ஸ்லாம்களையும் வென்று தொழில்முறைக்கு மாறினார். ஐந்து ஆண்டுகள் வெளியே நின்றார். 1968 ஏப்ரலில் போர்ன்மவுத்தில் முதல் 'ஓபன்' தொடர் நடந்தது. 1969-இல் லேவர் மீண்டும் நான்கையும் வென்றார்.

பெண்கள் தங்கள் கதவைத் தாங்களே தட்ட வேண்டியிருந்தது. 1970-இல் ஹியூஸ்டனில் பில்லி ஜீன் கிங் உள்ளிட்ட ஒன்பது பேர் ஆளுக்கு ஒரு டாலர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டுத் தனித் தொடருக்கு வித்திட்டார்கள். 1973-இல் அமெரிக்க ஓபன் சமப் பரிசு தந்தது. விம்பிள்டன் அதைத் தர 2007 ஆயிற்று.

கடைசிப் புள்ளி

1969 விம்பிள்டனில் பாஞ்சோ கொன்சாலஸ், சார்லி பாசரெல் மோதிய ஆட்டம் 112 கேம்கள் நீண்டது. இப்படி நீளும் செட்டைச் சில புள்ளிகளில் முடிக்க ஜிம்மி வான் ஆலன் வகுத்த டைபிரேக்கரை 1970-இல் அமெரிக்க ஓபன் ஏற்றது. ஆனால் விம்பிள்டன் கடைசி செட்டுக்கு மட்டும் விலக்குக் கொடுத்திருந்தது. அதனால்தான் 2010-இல் ஐஸ்னரும் மஹுவும் மூன்று நாள்களில் 11 மணி 5 நிமிடம் ஆடி, ஐந்தாம் செட்டை 70-68 என்று முடித்தார்கள். 2022 முதல் நான்கு கிராண்ட் ஸ்லாம்களும் கடைசி செட்டில் 6-6 ஆனதும் பத்துப் புள்ளி டைபிரேக்கர் என்று ஒத்துக்கொண்டன. இதனால் மரபு குறைந்துவிடவில்லை. டென்னிஸில் கடிகாரத்தை நம்பி முன்னிலையைக் காத்துக்கொள்ள வழியில்லை. கடைசிப் புள்ளியை வென்றே தீர வேண்டும். டைபிரேக்கர் அந்த நெறியைத் தொடவில்லை.

2021 அமெரிக்க ஓபனில் 18 வயது எம்மா ராடுகானு தகுதிச் சுற்றிலிருந்து வந்து, பத்து ஆட்டங்களில் ஒரு செட்டும் இழக்காமல் பட்டம் வென்றார். மறு ஆண்டு நடப்புச் சாம்பியனாக அதே தொடருக்கு வந்தவர் முதல் சுற்றிலேயே அலிஸே கார்னேயிடம் தோற்றார். பத்துப் படி ஏற ஒரு பெண்ணுக்கு வழிவிட்ட விதியே மறு ஆண்டு அவரை முதல் படியில் நிறுத்திச் சோதித்தது. கோருக்குக் கிடைத்த சலுகை அவருக்குக் கிடைக்கவில்லை. இரண்டு ஆண்டுகளிலும் டென்னிஸ் தன் அளவுகோலுக்கு உண்மையாகவே நடந்துகொண்டது.