வேர்ல்ட் டிரிகர்: பலமும் வியூகமும்

வேர்ல்ட் டிரிகர், டைசுகே அஷிஹாரா 2013 இல் தொடங்கிய ஜப்பானிய மாங்கா. டோயி அனிமேஷன் நிறுவனம் இதனை 2014 முதல் அனிமேயாக வெளியிட்டது. சண்டை அனிமேக்கள் பலவற்றில் நாயகன் தோற்கும் தறுவாயில் அவனுள் உறங்கிய ஆற்றல் பொங்கி எழும். இத்தொடரின் நாயகர்களுள் ஒருவனான ஒசாமு மிகுமோ பலவீனனாகவே இருக்கிறான். அப்படிப்பட்டவனால் அணிக்கு என்ன பயன் என்பதே இதன் அணிப் போட்டிகள் எழுப்பும் கேள்வி.

விதிகள்

ஒரே களத்தில் மூன்று அல்லது நான்கு அணிகள் மோதும். எதிரணி வீரர் ஒருவரை வீழ்த்தினால் 1 புள்ளி. இறுதிவரை நிலைக்கும் அணிக்குக் கூடுதலாக 2 புள்ளிகள். மோதும் அணிகளுள் தரவரிசையில் கீழே உள்ள அணியே களத்தைத் தேர்ந்தெடுக்கும். யார் வீழ்த்தினாலும் புள்ளி அணிக்கே சேரும்.

ஒசாமுவின் வழி

ஆயுதங்களை இயக்கும் ஆற்றலுக்கு டிரையான் என்று பெயர். ஒசாமுவுக்கு அது 2, அவன் அணியின் யூமாவுக்கு 7, சிக்காவுக்கு 38. ஆனால் சிக்காவுக்கு மனிதரைச் சுட மனம் வராது.

இரண்டாம் சுற்றில் எதிரே நிற்பவை அராஃபுனே, சுவா அணிகள். முன்னதில் மூவருமே ஸ்னைப்பர்கள். ஒசாமுவோ ஸ்னைப்பர்களுக்குச் சாதகமான மேட்டு நிலக் களத்தையே தேர்ந்தெடுக்கிறான். அவர்களின் தொல்லை தாங்காமல் சுவா அணி அவர்களைத் துரத்த, எதிரிகள் தங்களுக்குள் மோதிக்கொள்கின்றனர்.

நான்காம் சுற்றில் அணி தோற்கிறது. பின்னர் ஒசாமு, கிடோராவிடம் ஸ்பைடர் என்னும் மெல்லிய கம்பியைப் பயன்படுத்தக் கற்கிறான். இதற்கு மிகக் குறைந்த டிரையான் போதும். ஐந்தாம் சுற்றில் அவன் கட்டிய கம்பிகள் எதிரிகளைத் தடுக்கின்றன. அவற்றையே படிகளாக்கி யூமா பாய்கிறான். இயல்பான திறமையை மட்டும் நம்பிய கடோரி திணறிப்போகிறாள்.

மதிப்பீடு

இதை "அறிவு பலத்தை வென்றது" என்று சுருக்குவது பாதி உண்மையே. யூமா இல்லாவிட்டால் அந்தக் கம்பிகளால் பெரும் பயனில்லை. ஒசாமு பலத்துக்கு மாற்றாக வரவில்லை. பிறரின் பலம் வேலை செய்ய இடம் அமைக்கிறான். தன்னால் முடியாததை ஒப்புக்கொண்டபின்தான் அவனுக்கு இது கைகூடுகிறது.

குறைகளும் உண்டு. 73 பகுதிகள் கொண்ட முதல் தொடர் மெதுவாக நகர்கிறது. ஏராளமான பாத்திரங்களின் பெயர்களை நினைவில் வைப்பதும் கடினம். ஆனால் ஒவ்வொரு போட்டி முடிந்ததும் மற்ற அணி வீரர்கள் வெற்றி தோல்வியை அலசுவது, திருத்திய விடைத்தாளை வகுப்பில் விளக்குவது போலப் பயன் தருகிறது.

குழுச் செயல்பாடு கொடுத்தால் கெட்டிக்கார மாணவர் ஒருவரே எல்லாவற்றையும் செய்து முடிப்பதை ஆசிரியர்கள் பலரும் கண்டிருப்போம். மதிப்பெண் கிடைக்கும், குழு உருவாகாது. மாணவர்கள் இத்தொடரைப் பார்க்கும்போது, யார் வீழ்த்தினார் என்பதோடு அவருக்கு வழி அமைத்தவர் யார் என்பதையும் கவனிக்க வேண்டும்.