நேரலைக்கு நேற்று கிடையாது

2019 அக்டோபர் 25 மாலை, மணப்பாறைக்குப் பக்கத்தில் நடுக்காட்டுப்பட்டியில் இரண்டு வயதுக் குழந்தை ஆழ்துளைக் கிணற்றுக்குள் விழுந்தது. 29 விடியற்காலை உடலாக மேலே வந்தது. இடையில் தீபாவளி. எண்பது மணிநேரத்துக்கு மேல் நீண்ட அந்த நேரலையை நானும் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன், கையில் பலகாரத் தட்டோடு. இதை ஒப்புக்கொள்ளாமல் ஊடக அறம் பற்றிப் பேசுவது போலித்தனம்.

தாயின் அழுகையை அத்தனை கிட்டத்தில் காட்டலாமா என்று அப்போதே நண்பர்களுக்குள் சண்டை. கூடாதுதான். ஆனால் பிரச்சினையை நாகரிகமாகச் சுருக்கிவிட்டால் நேரலை என்னும் வடிவம் தப்பித்துக்கொள்கிறது. மீட்பு என்பது பெரும்பாலும் எதுவும் நடக்காத நேரம். துளையிடும் எந்திரம் பாறையில் முட்டி நிற்கும். திரை சும்மா இருக்குமா? ஆகவே அடிக்கணக்கு: 26 அடி, அப்புறம் 70, அப்புறம் 88. கிரிக்கெட் ஸ்கோர் மாதிரி.

இந்தக் கதையாடலுக்குள் நுழைய முடியாத ஒன்று உண்டு. அது 2010. கைவிட்ட கிணறுகளை மூட வேண்டும், தோண்டும் இடத்தைச் சுற்றி வேலி போட வேண்டும், மாவட்ட ஆட்சியர் இதைக் கண்காணிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் அந்த ஆண்டே நெறிமுறை வகுத்தது. ஒன்பது வருஷமாக என்ன பண்ணினீர்கள் என்ற கேள்விக்குக் காட்சி கிடையாது, கோப்புகள்தான் உண்டு. அதனால் நேரலையில் அரசு, அமைச்சர்கள் வடிவில், மீட்பவனாக மட்டுமே தோன்றுகிறது. கூண்டில் நிற்க வேண்டியது குழியருகே கண்விழித்து நிற்கிறது.

சட்டத்தின் கவலை வேறு. 2008 மும்பைத் தாக்குதலில், கொலையாளிகளை இயக்கியவர்கள் நேரலையைப் பார்த்தே போனில் வழிநடத்தினார்கள். 2012இல் உச்ச நீதிமன்றம் சானல்களைக் கடுமையாகக் கண்டித்தது. 2015இல் கேபிள் விதிகளைத் திருத்தி, பயங்கரவாத எதிர்ப்பு நடவடிக்கை முடியும்வரை நேரலை கூடாது என்றார்கள். அதுவரை அதிகாரி சொல்வதே செய்தி என்றும் ஆயிற்று (இதில் எனக்கு நிம்மதியில்லை). எப்படியோ, படைக்கு ஒரு மறைப்பு கிடைத்தது. பிள்ளையைப் பறிகொடுக்கிறவளுக்கு அப்படியொரு விதியை யாரும் கேட்கவில்லை.

அதே நாட்களில் தூத்துக்குடியில் ஒரு வீட்டார் இந்த நேரலையில் ஆழ்ந்திருந்தபோது அவர்களுடைய சின்னக் குழந்தை தண்ணீரில் மூழ்கி இறந்ததாகச் செய்தி வந்தது. அவர்களைப் பழிக்க எனக்கு வாய் வரவில்லை. எங்கள் வீட்டிலும் அதுதான் ஓடிக்கொண்டிருந்தது.