மரப்பட்டையில் எழுதிய வானம்

மாயா மக்களின் பழஞ்சுவடிகளில் இன்று மிஞ்சியிருப்பவை நான்கே நான்கு. டிரெஸ்டன், மாட்ரிட், பாரிஸ், மெக்சிகோ நகரங்களில் ஊருக்கொன்றாக இருக்கின்றன. மற்றவற்றில் பலவற்றை மழைக்காட்டு ஈரம் மக்கச் செய்தது. பலவற்றை ஸ்பானியப் பாதிரிமார் எரித்தார்கள். 1562இல் மாயா நாடான யுகாத்தானின் மானி என்ற ஊரில் தியேகோ தெ லாந்தா என்ற பாதிரியார் மூட்டிய தீ அந்த எரிப்புகளில் பேர்போனது. தப்பிய நான்கில் எது அழகு என்று கேட்டால், தயங்காமல் டிரெஸ்டன் சுவடி என்பேன்.

அத்தி இனத்து மரத்தின் உட்பட்டையை அடித்துத் தட்டித் தாளாக்கி, அதன்மேல் வெண்சுண்ணம் பூசி வழவழப்பாக்கியிருக்கிறார்கள். விசிறிபோல் மடித்த 39 ஏடுகள். விரித்தால் மூன்றரை மீட்டருக்குச் சற்று மேல் நீளும். ஒரு பக்கத்தின் உயரம் ஒரு சாணுக்கும் குறைவு. அகலம் அதில் பாதிதான். இவ்வளவு சிறிய இடத்தில் தெய்வங்கள், எழுத்துக் கட்டங்கள், எண் வரிசைகள் எல்லாம் நெரிசலில்லாமல் அமர்ந்திருக்கின்றன. மயிரிழைத் தூரிகையின் கோடு மூக்கு நுனியில் வளைந்து தோளில் இறங்கும்போது எங்கும் தடிப்பதில்லை. ஒருவர் கைவண்ணம் அல்ல இது; பல எழுத்தர்கள் சேர்ந்து செய்தது. கூர்ந்து பார்த்தால் கைக்குக் கை கோட்டின் நடை மாறுவது தெரியும்.

என்னை அதிகம் கட்டிப்போடுபவை வெள்ளிக் கோளைக் கணித்த பக்கங்கள். ஒரு புள்ளி என்றால் ஒன்று, ஒரு கோடு என்றால் ஐந்து, ஒரு சிப்பி என்றால் சுழியம். இந்த மூன்றைக் கொண்டே வெள்ளியின் சுற்றை 236, 90, 250, 8 எனப் பிரித்து எழுதியிருக்கிறார்கள்: விடிவெள்ளியாக நிற்கும் நாட்கள், மறையும் நாட்கள், அந்தியில் தெரியும் நாட்கள், மீண்டும் மறையும் நாட்கள். கூட்டினால் 584. வெள்ளியின் உண்மையான சராசரிச் சுற்று 583.92 நாட்கள். அந்தச் சிறு பிசகும் காலப்போக்கில் சேரும் என்று அறிந்து, அதைச் சரிசெய்யும் வழியையும் கூடவே எழுதி வைத்தார்கள். பக்கத்தின் வலப்புறம் ஈட்டி எறியும் வெள்ளித் தெய்வம் நிற்கிறது. அதற்குக் கீழே ஈட்டி தைத்துச் சாய்ந்த பலி. கணக்கும் அச்சமும் ஒரே பக்கத்தில் இருக்கின்றன.

74ஆம் பக்கத்துக்கு வாருங்கள். மேலே வானமாக நீண்டு கிடக்கும் முதலையின் வாயிலிருந்து வெள்ளம் கொட்டுகிறது. நடுவில் கிழத் தெய்வம் ஒருத்தி குடத்தைக் கவிழ்த்து நீரை ஊற்றுகிறாள். அடியில் கறுத்த தெய்வமொன்று ஆயுதத்தோடு குந்தியிருக்கிறது. மேலிருந்து கீழே பாயும் நீரின் வேகமே அந்தப் பக்கத்தின் கட்டுக்கோப்பு.

இந்த அழகு நம் கண்ணுக்கு எட்டியதில் பிரதி எடுத்தவர்களின் பங்கு பெரிது. 1739இல் யோகான் கிறிஸ்டியான் கோட்சே என்ற நூலகர் வியன்னாவில் ஒருவரிடமிருந்து இச்சுவடியை வாங்கி டிரெஸ்டனுக்குக் கொண்டுவந்தார். 1820களில் அகோஸ்தினோ அலியோ என்ற இத்தாலிய ஓவியர், கிங்ஸ்பரோ பிரபுவுக்காக இதைப் பக்கம் பக்கமாக வரைந்தார். அதில் ஓர் எழுத்தைக்கூட அன்று உலகில் யாராலும் படிக்க முடியவில்லை. பொருள் தெரியாமலே புள்ளி பிசகாமல் வரைய முயன்ற அந்தப் பொறுமைக்குத் தலைவணங்க வேண்டும். 1880இல் டிரெஸ்டன் நூலகர் எர்ன்ஸ்ட் ஃபர்ஸ்டெமான் இதன் வண்ணப் பதிப்பை வெளியிட்டார். அதன் கால கணிதத்தையும் வெள்ளிக் கணக்கையும் அவிழ்த்தவரும் அவரே.

1945 பிப்ரவரியில் டிரெஸ்டன்மீது குண்டுமழை பொழிந்தபோது, நிலவறையில் வைத்திருந்த சுவடிக்குள் தண்ணீர் புகுந்தது. நெருப்புக்குத் தப்பியது நீரிடம் சிக்கியது. பல பக்கங்களில் வண்ணம் கரைந்து, எழுத்துகள் மங்கின. அந்த இடங்களில் முன்பு என்ன இருந்தது என்று அறிய இன்று ஆய்வாளர்கள் நாடுவது அலியோவின் ஓவியத்தையும் ஃபர்ஸ்டெமானின் பதிப்பையும்தான். மாயா எழுத்தைப் படிக்கும் வழியை 1952இல் திறந்துவைத்த யூரி நோரோசோவ், அச்சிட்ட பிரதிகளை வைத்தே சோவியத் நாட்டில் உழைத்தவர். மாயா மண்ணை அவர் மிதித்தது 1990இல்தான்.

மூலத்தைப் பூட்டிப் பாதுகாப்பது பாதி வேலை. நல்ல பிரதி எடுத்துப் பலர் கையில் கொடுப்பதே மீதிப் பாதி. டிரெஸ்டன் நூலகம் இன்று முழுச் சுவடியையும் இணையத்தில் இலவசமாகத் திறந்துவைத்திருக்கிறது. ஒரு மாலை நேரத்தை ஒதுக்கி அந்தப் பக்கங்களைப் பெரிதாக்கிப் பாருங்கள். நீர்பட்ட பக்கம் வரும்போது ஃபர்ஸ்டெமானின் பதிப்பையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் சுவடி முழுமையாகும்.