ஒருவரும் பலரும்: அண்ணாமலை பற்றிய நூல்களை முன்வைத்துச் சில சிந்தனைகள்

ஒரு நாட்டின் பண்பாட்டை உருவாக்குவோர் ஆற்றல்மிக்க தனிமனிதர்களா, பெயர் தெரியாத பெருந்திரளா? இவ்வினா மிகப் பழமையானது. உலக வரலாறு என்பது அடிப்படையில் மாமனிதர்களின் வரலாறே என்று பத்தொன்பதாம் நூற்றாண்டில் வாதிட்டார் தாமஸ் கார்லைல். 'போரும் அமைதியும்' நாவலில் டால்ஸ்டாய் இதை மறுத்தார். நெப்போலியன்கூட எண்ணற்ற எளியோரின் செயல்கள் திரண்ட வெள்ளத்தில் மிதந்தவரே என்பது அவர் கொள்கை. இவ்விரு தரப்பையும் உரைத்துப் பார்ப்பதற்கு நாம் நெடுந்தொலைவு செல்ல வேண்டியதில்லை. வேலூர் மறைமாவட்டத்தின் எல்லைக்குள் இருக்கும் திருவண்ணாமலையே நமக்கு நல்லதோர் உரைகல்.

திருச்சுழியில் 1879இல் பிறந்த வேங்கடராமன், 1896 செப்டம்பர் முதல் நாள் இந்நகருக்கு வந்தபோது அவருக்கு வயது பதினாறு. பின்னர் ரமண மகரிஷி என்று பெயர் பெற்ற அவர், 1950 ஏப்ரல் 14இல் மறையும்வரை அம்மலையடியை விட்டு அகலவில்லை. அவர் பதவி எதுவும் வகிக்கவில்லை. இயக்கம் எதையும் தொடங்கவில்லை. எழுதியவையும் மிகச் சிலவே. ஆயினும் இந்நகரின் பெயர் இலண்டனிலும் பாரிசிலும் ஒலித்தது. இதற்குப் பெருங்காரணமாய் அமைந்தவை சில நூல்கள். அந்நூல்கள் எதைக் காட்டின, எதைக் காட்டாமல் விட்டன என்று ஆராய்வதே நமது நோக்கம்.

முதலாவது, ஆங்கிலேய எழுத்தாளர் பால் பிரண்டன் 1934இல் வெளியிட்ட 'இரகசிய இந்தியாவில் ஒரு தேடல்'. பம்பாய், சென்னை, காசி எனப் பல இடங்களில் யோகியரையும் மாயவித்தைக்காரரையும் சந்தித்த அவரை, திருவண்ணாமலைக்குச் செல்லுமாறு தூண்டியவர் காஞ்சி சங்கராச்சாரியார் சந்திரசேகரேந்திர சரசுவதி. ஐயத்தோடு வந்த ஒருவர் மௌனத்தின் முன் அமைதியுறுவதை இந்நூல் நேர்மையாகச் சொல்கிறது. அதுவே இதன் வலிமை. குறையோ தலைப்பிலேயே இருக்கிறது. எது இரகசியம்? ரமணர் சிறுவனாய் வந்தபோதே இந்நகருக்கு இருப்புப்பாதை இருந்தது. அவர் பயணத்தின் கடைசிப் பகுதியும் இரயிலில்தான் நடந்தது. கார்த்திகைத் தீபத்திற்குப் பெருந்திரள் கூடும் ஊர் இது. சந்தையும் கடைவீதியும் உள்ள ஊர். பிரண்டனோ இதைக் காட்டுக்குள் மறைந்த தவக்குடில்போல் தீட்டுகிறார். ஒருவர் தனித்து உயர்ந்து தோன்றவேண்டி, ஊரையே பின்னணித் திரையாக்கிவிடுகிறது அவர் எழுத்து.

சாமர்செட் மாம் இன்னும் ஒருபடி மேலே சென்றார். 1938இல் இங்கு வந்து ரமணரைக் கண்ட அவர், 1944இல் வெளியிட்ட 'தி ரேசர்ஸ் எட்ஜ்' நாவலில் அவரைப் போன்றதொரு ஞானியைப் படைத்தார். ஆனால் அந்த ஞானி வாழும் இடம் திருவிதாங்கூர். கற்பனைப் படைப்பாளிக்கு அந்த உரிமை உண்டு என்பதை நாம் மறுக்கவில்லை. எனினும், ஒரு மனிதரை அவர் மண்ணிலிருந்து இத்தனை எளிதாகப் பெயர்த்து நடமுடிகிறதென்றால், அந்த மண்ணும் மக்களும் அவர் உருவாக்கத்தில் எப்பங்கும் பெறவில்லை என்ற எண்ணமே வாசகர் உள்ளத்தில் படியும்.

மூன்றாவது நூல் நம்மவர் ஒருவருடையது. பிரான்சு நாட்டின் பிரித்தானிப் பகுதியில் பிறந்து, புனித ஆசீர்வாதப்பர் சபைத் துறவியாகி, 1948இல் இந்தியா வந்த அருட்தந்தை ஆன்றி லெ சோ, பின்னாளில் அபிஷிக்தானந்தா எனப்பட்டார். அருட்தந்தை மொன்ஷானினோடு இணைந்து குளித்தலை அருகே 1950இல் சாந்திவனத்தை நிறுவியவரும் இவரே. 1949இல் ரமணரை முதன்முதல் கண்டபோது தாம் அடைந்த ஏமாற்றத்தை, 'அருணாசலத்தின் இரகசியம்' என்னும் நூலில் அவர் ஒளிக்காமல் எழுதுகிறார். பேரெதிர்பார்ப்போடு வந்தவர் கண்டது ஒரு முதியவரை மட்டுமே. அவர் உள்ளம் மெல்ல மெல்லவே திறந்தது. பின்னர் மலைக்குகைகளில் அவர் தங்கிய நாள்களும், அங்கிருந்த துறவியரும், தீபத் திருவிழாவும் இந்நூலில் உயிரோடு இருக்கின்றன. மறைவுக்குப்பின் வெளியான அவர் நாட்குறிப்புகளோ, கிறிஸ்துவின்மீது கொண்ட பற்றுக்கும் அத்வைத அனுபவத்திற்கும் இடையே அவர் பட்ட வேதனையைக் காட்டுகின்றன. அவர் கண்ட முடிவுகள் அனைத்தையும் நாம் ஏற்கவேண்டியதில்லை. ஆயினும் பிற சமயங்களில் உள்ள உண்மையானதும் தூயதுமான எதையும் தள்ளலாகாது என்று 1965இல் இரண்டாம் வத்திக்கான் பொதுச்சங்கம் கற்பித்தது. அதற்குப் பல்லாண்டுகள் முன்னரே அந்தச் சுமையைத் தனித்துச் சுமந்தவர் அவர். இம்மூன்று நூல்களுள் இதுவே ஆழமானது.

இருந்தும் இந்நூல்களை மூடிவைத்தபின் நம் உள்ளத்தில் ஒரு கேள்வி எஞ்சுகிறது. ஐம்பத்து நான்கு ஆண்டுகள் அம்மனிதருக்குச் சோறிட்டவர் யார்?

அதற்கான விடை, அடியார்கள் எழுதிவைத்த நினைவுக் குறிப்புகளில் இருக்கிறது. கணவரையும் பிள்ளைகளையும் இழந்து ஆறுதல் தேடி வந்த எச்சம்மாள், ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள், 1945இல் தாம் இறக்கும்வரை, நாள்தோறும் உணவு கொண்டுவந்தார். மலைச்சரிவில் கீரை பறித்துச் சமைத்துக் கொடுத்த மூதாட்டிக்குக் கீரைப்பாட்டி என்பதே பெயராயிற்று. 1916இல் மகனோடு நிலையாய்த் தங்க வந்த அன்னை அழகம்மாள்தான் அங்கு அடுப்பு மூட்டினார். அதுவரை சீடர்கள் பிச்சை ஏற்றே உண்டனர். அந்த அன்னை 1922இல் மறைந்தபின் அவர் சமாதியைச் சுற்றி எழுந்ததே இன்றைய ரமணாசிரமம். உலகம் ஒரு மகனின் பெயரால் அறியும் நிறுவனம், ஒரு தாயின் கல்லறையில் வேர்கொண்டது.

இதை நன்கு உணர்ந்தவர் ரமணர். அதிகாலையில் சமையற்கூடத்தில் அமர்ந்து காய்கறி நறுக்கினார். தமக்கென்று எதையும் கூடுதலாகப் பரிமாறுவதை ஏற்க மறுத்தார். அவர் வரலாற்றை எழுதியோர் மறந்ததை அவர் மறக்கவில்லை.

ஆனால் அதே உணவுக்கூடம் நமக்கு வேறொன்றையும் கற்பிக்கிறது. அங்கே பிராமணருக்கும் ஏனையோருக்கும் நடுவே ஒரு தடுப்பு இருந்தது. இரு பக்கத்தாரும் காணும்படி ரமணர் அமர்ந்தார், தடுப்போ நின்றது. வேற்றுமை கடந்த ஒருமையை வாழ்ந்து காட்டியவரின் கண்முன்பே, சாதி தன் இலையைத் தனியாக விரித்துக்கொண்டது. ஒருவரது ஒளி எத்துணைப் பெரிதாயினும், பலர் தம் கைகளால் ஏற்காதவரை அது வழக்கமாக மாறுவதில்லை.

பிறர் வீட்டுத் தடுப்பைச் சுட்டிவிட்டு நாம் அமைதியடைய முடியுமா? வடக்கன்குளம் திருக்குடும்ப ஆலயத்தில் இறைமக்களைச் சாதியால் பிரித்த சுவர் 1910இல் இடிக்கப்பட்டது. அதை மீண்டும் கட்டவேண்டுமென்று கிறிஸ்தவர்களே தொடுத்த வழக்கு சென்னை உயர்நீதிமன்றம்வரை சென்று தோற்றது. குருவின் ஆணையாலும் நீதிமன்றத் தீர்ப்பாலும் சுவர் வீழ்ந்தது. ஆயினும் தமிழகத்தில் இன்றும் சில பங்குகளில் கல்லறைத் தோட்டம் இரண்டாய்ப் பிரிந்து கிடக்கிறது. தேர்ப்பவனி சில தெருக்களுக்குள் நுழையாமலே திரும்புகிறது. மேய்ப்பர் ஒருவரின் துணிவு சுவரை வீழ்த்தலாம். மக்கள் மனம் திருந்தாதவரை அச்சுவர் வேறு வடிவில் எழும்.

அப்படியானால் டால்ஸ்டாய் பக்கமே முழு உண்மையும் இருக்கிறதா? இல்லை. மலையை வலம் வருவது பழைய வழக்கம். பலமுறை தாமே வலம் வந்த ரமணர், நாடி வந்தோரையும் அவ்வாறு செய்யச் சொன்னார். இன்று முழுநிலவு இரவுகளில் பதினான்கு கிலோமீட்டர்ப் பாதையில் இலட்சக்கணக்கானோர் நடக்கின்றனர். அவ்வழக்கம் பெருகியதற்குக் காரணங்கள் பல. அவற்றுள் அவரது வாழ்வும் ஒன்று. பலரிடம் ஏற்கெனவே இருந்த ஒன்றுக்கு அவர் ஆழம் சேர்த்தார். பலர் அதைத் தம் கால்களால் ஏற்றுக்கொண்டனர். ஒருவரின் தூண்டுதலும் பலரின் ஏற்பும் சேருமிடத்திலேயே பண்பாடு பிறக்கிறது.

ஆண்டவர் சொன்ன புளிப்பு மாவு உவமையில் நாம் கவனிக்காத ஒருவர் உண்டு. மாவைப் பிசைந்து வைத்த அந்தப் பெண்ணே அவர். புளிப்பின் ஆற்றலைப் பற்றி நாம் மறையுரைகள் பல ஆற்றியிருக்கிறோம். அவர் கைகளின்றிப் புளிப்பு ஒரு கலத்திலும் மாவு வேறொரு கலத்திலும் கிடந்திருக்கும்.

பெரியோர் வரலாறுகள் தனியொருவரை மட்டும் காட்டும்போது, வாசகரை வெறும் பார்வையாளராக்கிவிடுகின்றன. வழிபடுவதோடு நம் கடமை முடிந்தது என்ற மயக்கமும் பிறக்கிறது. அரசியலில் வானுயரப் பதாகைகள் எழுப்புவோரை நகைக்கும் நாம், நமது பங்குகளின் வெள்ளிவிழா மலர்களைச் சற்றுப் புரட்டிப் பார்ப்போமாக. ஆயர்களின் படங்களும் பங்குக் குருக்களின் பட்டியலும் குறைவின்றி இருக்கும். உபதேசியார் பெயரும், பீடம் துடைத்த தாயின் பெயரும், மண் சுமந்தோர் பெயர்களும் எத்தனை மலர்களில் உள்ளன? இனி மலர் வெளியிடும் பங்குகள் அப்பெயர்களை முதியோரிடம் கேட்டு எழுதிவைக்கட்டும். அவற்றை நினைவில் வைத்திருப்போர் நம்மிடையே வாழும்போதே அதைச் செய்தாக வேண்டும்.