காலக் கட்டடங்களும் குழந்தைகளும்: கால்வினோ, சிம்மன்ஸ், ஸ்டீபன்சன் புனைவுகளை முன்வைத்து

ஆய்வுச்சுருக்கம்

காலத்தை நோக்கவும் வசப்படுத்தவும் எழுப்பப்படும் பெருங்கட்டடங்கள் மூன்று புனைவுகளில் எவ்வாறு சித்திரிக்கப்படுகின்றன என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது. அக்கட்டடங்களுக்குரிய விலையைச் செலுத்துவோர் அவற்றைத் திட்டமிட்டவர்கள் அல்லர், குழந்தைகளே என்பது இதன் கருதுகோள்.

திறவுச்சொற்கள்: காலம், கட்டடக்கலை, அறிவியல் புனைகதை, கால்வினோ, சிம்மன்ஸ், ஸ்டீபன்சன்

முன்னுரை

சவாய் ஜெய்சிங் மன்னர் 18ஆம் நூற்றாண்டில் ஜெய்ப்பூரில் எழுப்பிய ஜந்தர் மந்தரில், ஏறத்தாழ 27 மீட்டர் உயரமுள்ள சாம்ராட் யந்திரம் நிற்கிறது. கருவியின் உருவம் பெருகப் பெருக, நிழலின் நகர்வை நுண்ணிதாக அளக்கலாம் என்பதே அதன் அடிப்படை. அங்கு நோக்குபவர் கருவிக்கு வெளியே நிற்கிறார். அளவீடு அவரை மாற்றுவதில்லை. புனைகதையாளர்கள் இந்த இடைவெளியை நீக்கிவிடுகின்றனர். அவர்களது கட்டடங்கள் காலத்தை அளப்பதோடு அமையாமல், மனித வாழ்விலும் தலையிடுகின்றன. அத்தலையீட்டின் விலை யாரிடமிருந்து பெறப்படுகிறது என்பதே இங்கு எழும் வினா.

பெரிந்தியா: முகூர்த்தத்தின் விளைவு

இத்தாலிய எழுத்தாளர் இத்தாலோ கால்வினோ 1972இல் வெளியிட்ட ‘லெ சிட்டா இன்விசிபிலி’ (புலப்படாத நகரங்கள்) நூலில் பெரிந்தியா என்னும் நகரம் இடம்பெறுகிறது. வானியலாளர்கள் விண்மீன்களின் நிலையைக் கணித்து அதற்குரிய இடத்தையும் நாளையும் குறித்தனர். பன்னிரு இராசிகளுக்கேற்ப நிலத்தைப் பகுத்தனர். இத்தனை கணிப்புக்குப் பின்னும் அந்நகரில் பிறக்கும் குழந்தைகள் உருத்திரிந்தே பிறக்கின்றனர். மிகவும் திரிந்த உருவினரைக் குடும்பத்தார் வீட்டுக்குள் மறைத்து வைக்கின்றனர். கணக்கு பிழைத்ததா, வானத்தின் ஒழுங்கே இத்தகையதா என்னும் இருதலைப்பட்ட நிலையில் வானியலாளர்கள் நிற்கின்றனர். அவர்களது சிக்கல் கோட்பாட்டளவினது. மறைக்கப்பட்ட குழந்தைகளின் சிக்கலோ வாழ்வு முழுவதற்குமானது. அதே நூலின் ஆந்திரியா நகரத்தார், தம் நகரில் செய்யும் ஒவ்வொரு மாற்றமும் விண்மீன்களிடையே ஒரு மாற்றத்தை உண்டாக்கும் என நம்புகின்றனர். ஆதலின் எதையும் ஆராய்ந்தே செய்கின்றனர். இரு நகரங்களையும் இணைத்து நோக்கின், பெரிந்தியாவின் குறை கணிதத்தில் இல்லை, பின்விளைவை முன்கூட்டி எண்ணாமையில் உள்ளது என்பது புலனாகும்.

ஸ்பிங்க்ஸ்: பின்னோக்கி வளரும் மகள்

டான் சிம்மன்ஸின் ‘ஹைப்பீரியன்’ (1989) நாவலில் வரும் காலக் கல்லறைகள் எதிர்காலத்திலிருந்து கடந்த காலத்தை நோக்கி நகர்பவை. அவற்றுள் ஸ்பிங்க்ஸ் என்னும் கட்டடத்தை ஆய்வு செய்யச் செல்கிறார் ரேச்சல் என்னும் தொல்லியல் மாணவி. அங்கு நேரும் நிகழ்வுக்குப் பின் அவர் நாள்தோறும் ஒரு நாள் இளமையாகிறார். உறங்கி எழும்போதெல்லாம் ஒரு நாளின் நினைவு அழிகிறது. அளக்கச் சென்றவரையே கட்டடம் தனக்குரிய அளவுகோலாக்கிக்கொள்கிறது.

சிம்மன்ஸின் தனித்திறம், கல்லறைகளின் பேருருவை விடுத்து ஓர் இல்லத்தின் அன்றாடத்தில் இவ்விழப்பைக் காட்டுவதில் வெளிப்படுகிறது. நடந்ததை அறியாமல் கண்விழிக்கும் மகளுக்குப் பெற்றோர் ஒவ்வொரு காலையும் அதை எடுத்துரைக்க வேண்டியுள்ளது. தந்தை சோல், மகளைப் பலியிடுமாறு ஆணையிடும் கனவுகளால் அலைக்கழிக்கப்பட்டு, ஆபிரகாமின் கதையோடு நெடிய வழக்காடுகிறார். தொடர்ச்சியான ‘தி ஃபால் ஆஃப் ஹைப்பீரியன்’ (1990) நாவலின் இறுதியில் அவர் கைக்குழந்தையாகிவிட்ட மகளுடன் தாமும் ஸ்பிங்க்ஸுக்குள் நுழைந்து எதிர்காலம் செல்கிறார். பெரிந்தியாவின் பெற்றோர் குழந்தையை மறைத்தனர். சோல் குழந்தையோடு உடன்செல்கிறார். விலையைத் தவிர்க்க இயலாதபோது அதைப் பகிர்ந்துகொள்வதே அறம் என இம்முடிவு உணர்த்துகிறது.

கடிகார மடம்: பகிர்ந்த உழைப்பும் அதன் எல்லையும்

நீல் ஸ்டீபன்சனின் ‘அனாதெம்’ (2008) இப்பகிர்வை ஒரு நிறுவன ஒழுங்காகவே கற்பனை செய்கிறது. டேனி ஹில்லிஸ் பத்தாயிரம் ஆண்டுகள் ஓடுமாறு வடிவமைத்த கடிகாரத் திட்டத்தின் தூண்டலால் பிறந்த நாவல் இது. மதில் சூழ்ந்த அறிவு மடத்தின் நடுவே மாபெரும் கடிகாரம் உள்ளது. மடத்தினர் அதற்கு நாள்தோறும் சடங்காகச் சாவி கொடுக்கின்றனர். ஓராண்டு, பத்தாண்டு, நூற்றாண்டு, ஆயிரமாண்டு என நான்கு பிரிவினர் தனித்தனியே வாழ்கின்றனர். அவரவர் காலம் முடியும்போதே வெளியுலகுக்கான கதவு திறக்கிறது. இங்குக் காலத்தை வசப்படுத்துவது எந்திரம் மட்டுமன்று, சுவரும் கதவும் ஆகும்.

கடிகாரத்தைப் பயன்படுத்துவோரே அதை இயக்குவதால் இம்முறை நேர்மையானதாகத் தோன்றுகிறது. எனினும் நெடுங்காலப் பிரிவுகளுக்கு ஆட்கள் எவ்வாறு கிடைக்கின்றனர் என வினவினால் அத்தோற்றம் தளர்கிறது. வாயிலில் கைவிடப்பட்ட பச்சிளங்குழந்தைகள் அப்பிரிவுகளில் சேர்க்கப்படுவதும் உண்டு. ஆயிரமாண்டுக் கதவுக்குப் பின்னால் வாழ அக்குழந்தைகள் ஒப்புதல் அளித்ததில்லை. நாவல் இதை மடத்தின் வழக்கமாகக் கூறிக் கடந்துசெல்கிறது. அதன் சிந்தனைப் பரப்போடு ஒப்பிடுகையில் இது ஒரு குறையே.

முடிவுரை

மூன்று புனைவுகளிலும் கட்டடம் நெடுங்காலத்துக்கு உரியது. அதைத் திட்டமிட்டவரோ குறுங்காலத்தவர். இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட இடைவெளியைக் குழந்தைகளின் உடலும் வாழ்வும் நிரப்புகின்றன. கால்வினோ இதை அங்கதமாகவும், சிம்மன்ஸ் துயரமாகவும், ஸ்டீபன்சன் ஒழுங்கமைப்பாகவும் வெளிப்படுத்துகின்றனர். இவற்றுள் குழந்தைக்குப் பெயரும் குரலும் தந்து, அவள் இழப்பை நாள்நாளாகக் கணக்கிடுவது சிம்மன்ஸின் படைப்பே. காலக் கட்டடங்களைப் பற்றிய ஆய்வு, அவற்றின் பொறிநுட்ப வியப்பை விளக்குவதோடு, அவை எவரது ஒப்புதலின்றி எழுப்பப்படுகின்றன என்பதையும் வினவுதல் வேண்டும். வருங்காலத் தலைமுறையின் பெயரால் இன்று கட்டப்படும் எதற்கும் இவ்வினா பொருந்தும்.