எண்ணிக்கையில் இல்லை வீரம்

வீரர் வரலாறு எழுதுவோர்க்கு இரண்டு சோதனைகள் உண்டு. ஒன்று, வீரனின் செயலைப் பெருக்கிச் சொல்லும் ஆசை. மற்றொன்று, அச்செயலைத் தம் வாதத்திற்குச் சான்றாக்கிக்கொள்ளும் ஆசை. பரம்வீர் சக்கரம் பெற்ற அப்துல் ஹமீதைப் பற்றி எழுதியோரும் பேசியோரும் பலர் இவ்விரண்டிற்கும் ஆளாகியுள்ளனர்.

உத்தரப் பிரதேசத்துக் காஜிப்பூர் மாவட்டத்தில், தாமுப்பூர் என்னும் சிற்றூரில், 1933-இல் பிறந்தவர் அவர்; தையல் தொழில் செய்த குடும்பத்தவர். 1954-இல் படையில் சேர்ந்தார். கிரனேடியர்ஸ் படைப்பிரிவின் நான்காம் பட்டாளத்தில் ஹவில்தாராக உயர்ந்தார். 1965 செப்டம்பர் 10 அன்று, பஞ்சாபின் கேம்கரண் பகுதியில், சீமா கிராமத்தருகே பேட்டன் டாங்கிகள் இந்திய அணியை ஊடுருவின. ஜீப்பில் பொருத்திய பீரங்கியுடன் அவர் பக்கவாட்டில் விரைந்தார். முன்வந்த டாங்கியை முடக்கினார். இடம் மாறி மற்றொன்றைத் தீக்கிரையாக்கினார். வேறொன்றைச் சுட்டுக்கொண்டிருக்கையில் குண்டடிபட்டு உயிர் நீத்தார். விருதுக்கான அரசின் பாராட்டுரை கூறுவது இவ்வளவே.

பின்வந்தோர் கூற்றில் டாங்கிகள் நான்காகின்றன, ஏழாகின்றன, எட்டும் ஆகின்றன. நம் புலவர்கள் பாடிய படைப்போர் இலக்கியத்தில் மிகைக்கு இடமுண்டு. வரிசை முகியித்தீன் புலவரின் 'சக்கூன் படைப்போர்' காவிய மரபில் நிற்பது. உரைநடை வரலாற்றுக்கு அவ்வுரிமை இல்லை. ஒரு ஹதீஸை ஏற்குமுன் அறிவிப்பாளர் வரிசையையே ஆராய்ந்தவர் நம் முன்னோர். தோலின் தரத்தைக் கூட்டிச் சொன்னால் வாணிபம் கெடும் என்பது ஆம்பூரும் வாணியம்பாடியும் அறிந்த பாடம்.

எண்ணிக்கையில் மயங்கியோர் செயலின் நுட்பத்தைத் தவறவிடுகின்றனர். அப்பீரங்கி சுட்டவுடன் அதன் பின்புறத்தில் தீயும் புழுதியும் எழுந்து, நிற்கும் இடத்தைக் காட்டிக்கொடுக்கும். ஜீப்பிற்கோ கவசம் இல்லை. எதிரே நின்றவை 40 டன்னுக்கு மேற்பட்ட இரும்புக் கோட்டைகள். ஆகவே சுட்டபின் இடம் மாறுவது அறிவு. எதிரி தம்மைக் கண்டுகொண்டு குண்டுமாரி பொழிந்தபோதும் சுடுவதை நிறுத்தாதது வீரம். இவ்விரண்டும் ஒருவரிடம் கூடியதே அவர் பெருமை. எட்டு என்ற எண் இதனை விளக்குமோ?

இரண்டாம் குறை இதனினும் ஆழமானது. எதிர்ப்படையினர் முஸ்லிம்களாயிருந்தமையால், அவர் வாழ்வை ஒரு சமுதாயத்தின் நாட்டுப்பற்றுக்கு நற்சான்றிதழாக நீட்டுகின்றனர். நம்மவரும் மேடைதோறும் அதனையே செய்கின்றனர். நோக்கம் நல்லதாயினும் விளைவு நன்றன்று. சான்றிதழ் நீட்டுவோன், அதனைக் கேட்பதற்குப் பிறர்க்கு உரிமையுண்டென ஒப்புக்கொண்டவன் ஆகிறான். வேலூரை அடுத்த கம்மவான்பேட்டையிலிருந்து தலைமுறை தலைமுறையாகப் படைக்குச் செல்கின்றனர். அவர்களுடைய பற்றுக்கு எவரும் சான்று கேட்பதில்லை. அப்துல் ஹமீதும் அவர்களைப் போலவே தம் கடமையைச் செய்தவர்.

1966 சனவரி 26 அன்று அவருடைய துணைவியார் ரசூலன் பீவியிடம் விருதை அளித்தவர் குடியரசுத் தலைவர் இராதாகிருஷ்ணன்; நம் வேலூர் ஊரிசுக் கல்லூரியில் பயின்றவர். அவ்விருது ஒரு மனிதரின் செயலுக்கு அளிக்கப்பெற்றது. ஒரு சமுதாயத்தைச் சோதித்து அளித்த மதிப்பெண் அன்று.

நம் பிள்ளைகளுக்கு இவ்வரலாற்றைச் சொல்வோம். கூட்டாமலும் குறைக்காமலும் சொல்வோம். உண்மையே அவருக்குப் போதிய புகழ்மாலை.